தம்பி கேட்ட கேள்வி

அன்புள்ள ஐயா,

ஜப்பானிய இயக்குநர் ஓசு 1933இல் எடுத்த ‘டோக்கியோவின் பெண்’ என்ற மௌனப்படம் பார்த்தேன். தட்டச்சு இயந்திரம், தொலைபேசி, மதுக்கூடம் எனப் புதிய நகரமே படத்தில் இருக்கிறது. நவீன வாழ்க்கை அந்தப் பெண்ணைச் சீரழித்தது என்று கொள்ளலாமா? பேசும்படம் வந்த பிறகும் ஜப்பானில் ஏன் மௌனப்படம் எடுத்தார்கள்?

ச.

அன்புள்ள ச.,

இரண்டாவது கேள்விக்குச் சுருக்கமாக: திரையருகே இருந்து கதை சொன்ன பென்ஷிகளுக்கு அங்கே பெரும் செல்வாக்கு இருந்தது. 1931இலேயே பேசும்படம் வெற்றி பெற்றும் மௌனப்படம் சில ஆண்டுகள் நீடித்தது.

முதல் கேள்விதான் என்னைத் தூங்கவிடவில்லை. ‘சீரழித்தது’ என்று எப்படி ஐயா எழுத மனம் வந்தது? அந்தப் பெண், சிகாக்கோ, பகலில் தட்டச்சு செய்கிறாள். இரவில் பேராசிரியருக்கு மொழிபெயர்ப்பில் உதவுவதாகச் சொல்லிவிட்டு மதுக்கூடத்துக்கு வேலைக்குப் போகிறாள். தம்பி ரியோயிச்சி படிக்க வேண்டும், அவ்வளவுதான். விஷயம் தெரிந்ததும் அவன் அவளை அறைகிறான். பிறகு உயிரை விடுகிறான். அந்தச் சேதி அவன் காதலிக்குக் கடிகாரக் கடைத் தொலைபேசியில் வருகிறது. தொலைபேசியா அவனைக் கொன்றது?

இயந்திரத்தின் மேல் பழி போடாதீர்கள். ஜப்பானிய எழுத்துக்கான தட்டச்சு இயந்திரத்தைச் சுகிமோத்தோ கியோத்தா 1915இல் உருவாக்கினார். தட்டு நிறைய இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட அச்செழுத்துகள். எல்லாம் கண்ணாடியில் பார்ப்பதுபோல் இடவலம் மாறிக் கிடக்கும். ஒவ்வொன்றின் இடத்தையும் மனதில் ஏற்றிக்கொண்டு தேடி அடித்த பெண்கள் அங்கே இருந்தார்கள். அது வித்தை. அந்த வித்தைக்குக் கிடைத்த கூலி இரண்டு வயிற்றுக்கும் ஒரு படிப்புக்கும் போதவில்லை. அதைப் பற்றி நீங்கள் ஒரு வரி எழுதவில்லை. அவள் சம்பளத்தில் சாப்பிட்டவன் அவளிடம் ஒழுக்கம் கேட்டதைப் பற்றியும் எழுதவில்லை.

என் அக்காவும் தட்டச்சர்தான். நான் படித்தது அவள் சம்பளத்தில். ஒருநாள் இரவு ஒன்பதரைக்கு வந்தாள். பத்தொன்பது வயது எனக்கு. வாசலை மறித்து நின்று, “இவ்வளவு நேரம் எங்க போயிருந்த?” என்று கேட்டேன். அவள் பதில் சொல்லவில்லை. செருப்பைக் கழற்றிவிட்டு, கைப்பையிலிருந்து பரீட்சை ஃபீஸை எடுத்து என் கையில் வைத்தாள். மாதக் கடைசி என்பதால் அலுவலகத்தில் கணக்குத் தாள்கள் குவிந்திருந்தன என்று மறுநாள் அம்மா சொன்னார்.

போன வருஷம் அவளோடு உட்கார்ந்து இந்தப் படத்தைப் பார்த்தேன். ரியோயிச்சி அறையும் காட்சியில் எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. அக்கா திரையைவிட்டுக் கண்ணை எடுக்காமல் கேட்டாள்:

“இவனுக்கு இந்த மாசம் ஃபீஸ் கட்டியாச்சாடா?”