நீர்க்கடிகாரத்துக்கு ஒரு பலவீனம் கொடுங்கள்

நண்பரே, உங்கள் கதை நாயகனிடம் காலத்தை நிறுத்தும் நீர்க்கடிகாரம் இருக்கிறது, "அப்படியானால் ஒவ்வொரு சண்டையிலும் அதையே எடுக்கலாமே?" என்று வாசகர்கள் மடக்குகிறார்கள், சரிதானே? 'ஆண்டுக்கு மூன்று முறைதான்' என்கிற விதி மட்டும் வேண்டாம். ஆசிரியர் தன் வசதிக்கு வைத்தது என்று உடனே தெரிந்துவிடும்.

தடையைக் கருவிக்குள்ளேயே தேடுங்கள். நிஜ நீர்க்கடிகாரம் என்பது சிறு துளை வழியே ஒழுகும் நீரைக் கொண்டு நேரம் அளக்கும் பாத்திரம்; அதில் நீர்மட்டம் இறங்க இறங்க அழுத்தம் குறைந்து ஒழுக்கும் மெதுவாகும். எகிப்தின் கர்னாக் கோயிலில் கிடைத்த, கி.மு. 14ஆம் நூற்றாண்டு நீர்க்கடிகாரம் அடிப்பக்கம் குறுகியிருப்பது இதை ஈடுகட்டத்தான். குளிர்ந்த நீர் நுண்துளையில் இன்னும் மெதுவாகக் கசியும். உறைந்தால் நின்றே போகும்.

பனிமலைப் போர் வருகிறது என்றீர்களே, அங்கே வையுங்கள். காலத்தை நிறுத்துகிறான், நீர் உறைந்துவிடுகிறது. கடைசிச் சொட்டு விழாமல் உலகம் மறுபடி ஓடாது. அசையாத படைகளுக்கு நடுவே அவனுக்கு மட்டும் வயதாகிக்கொண்டிருக்கும். (எனக்கு உங்கள் வில்லனைவிட இதுதான் பயமாக இருக்கிறது.)

ஆனால் இந்தக் குறையை ஆரம்ப அத்தியாயங்களிலேயே, ஆபத்தில்லாத ஒரு காட்சியில் காட்டிவிடுங்கள். போர் நடுவில் திடீரென்று சொன்னால் மறுபடியும் மடக்குவார்கள்.