பாளையங்கோட்டை 63ஆம் படைப்பிரிவு: பிரான்ஸில் பூட்டனார் பெயர் இல்லை

முதல் உலகப் போரில் இறந்த உங்கள் பூட்டனாரின் பெயரைப் பிரான்ஸில் தேடியும் கிடைக்கவில்லை என்கிறீர்கள். இனி பிரான்ஸில் தேடாதீர்கள். அவரது பதக்க விளிம்பில் பிரிட்டிஷ் இந்தியக் காலாட்படைப் பிரிவான 63ஆம் பாளையங்கோட்டை லைட் இன்ஃபன்ட்ரி, வீட்டு ஏட்டில் 'ஆனந்த வருடம் (1914–15) ஐப்பசியில் இறந்தார்' என்கிறீர்கள். அப்படியானால் அவர் பெரும்பாலும் விழுந்த இடம் டாங்கா. அன்றைய ஜெர்மன் கிழக்கு ஆப்பிரிக்கா, இன்றைய தான்சானியா.

1914 நவம்பர் 2 முதல் 5 வரை நடந்த சண்டை அது. பெரும்பாலும் போதிய பயிற்சியில்லாத சுமார் 8,000 பேரை, கடற்பயணக் களைப்போடு, முன்கூட்டி உளவு பார்க்காமலேயே இறக்கினார் பிரிட்டிஷ் தளபதி ஜெனரல் எய்ட்கன். ரப்பர் தோட்டங்களுக்குள் ஜெர்மானிய இயந்திரத் துப்பாக்கிகள். குண்டுபட்ட கூடுகளிலிருந்து தேனீக்கள் வேறு. சிதறி ஓடினார்கள் என்ற பழி பாளையங்கோட்டைக்காரர்கள் மேல் விழுந்தது. அப்படி அனுப்பியவர்களைத்தான் முதலில் கேட்க வேண்டும் என்பேன்.

காமன்வெல்த் போர்க் கல்லறைகள் ஆணையத்தின் இணையத் தேடலில் பெயரைக் காலியாக விடுங்கள். படைப்பிரிவு, 1914 நவம்பர், தான்சானியா என்று மட்டும் கொடுத்து, வரும் பட்டியலை வாய்விட்டுப் படியுங்கள். தமிழ்ப் பெயர்களை எழுத்தர்கள் காதில் விழுந்தபடி ஆங்கிலத்தில் எழுதினார்கள்.

ஒரே பெயரில் பலர் இருக்கக்கூடும். பதக்க விளிம்பிலுள்ள படைவீரர் எண்ணும் பொருந்தினால்தான் அவர் உங்கள் பூட்டனார்.