சலில் சௌதுரி எடுத்ததும் கொடுத்ததும்

அன்புள்ள ஐயா,

'பூவண்ணம் போல நெஞ்சம்' எனக்கு உயிர். அண்மையில் அதே மெட்டை ஓர் இந்திப் பாட்டில் கேட்டுத் திடுக்கிட்டேன். தேடிப் பார்த்தால் மொசார்ட்டிடமும் அதன் இசையமைப்பாளர் சலில் சௌதுரி கை வைத்திருக்கிறார். பிறரிடம் எடுத்தும், தன் சரக்கையே திரும்ப விற்றும் காலம் தள்ளியவரை நீங்கள் மேதை என்பது ஏன்?

ஆர்., திருப்பூர்

அன்புள்ள ஆர்.,

நீங்கள் கண்டுபிடித்தது சரிதான். பட்டியல் இன்னும் நீளம். அவர் இசையமைத்த 'மதுமதி' இந்திப் படத்தில் (1958) ஒரு போலந்து நாட்டுப்பாடல்கூட இருக்கிறது. அவருடைய அப்பா அசாம் தேயிலைத் தோட்டத்தில் டாக்டர். வீட்டில் மேற்கத்திய செவ்வியல் இசைத்தட்டுகள். பிறகு இடதுசாரிக் கலை இயக்கமான இப்டாவில் மக்களுக்குப் பாட்டு கட்டினார். காதில் விழுந்ததெல்லாம் தனக்கு உரியதே என்று வளர்ந்த மனிதர்.

சரி, எடுத்த பிறகு என்ன செய்தார்? மொசார்ட்டின் 40ஆம் சிம்பொனி தொடங்கும்போது வயலின்கள் குறில், குறில், நெடில் என்று மூன்று தடவை சொல்லும். 'சாயா' (1961) படத்தில் தலத் மஹ்மூதும் லதாவும் பாடும் 'இத்னா ந முஜ்ஸே' அந்த நடையைத்தான் பிடித்துக்கொள்கிறது. மொசார்ட்டிடம் அது படபடப்பு. இங்கே வேகம் தணிந்து, 'என்மேல் இவ்வளவு ஆசை வளர்க்காதே' என்று சொல்லும் குரலாகிவிடுகிறது. சரணத்துக்கு வந்தால் மொசார்ட்டைக் காணோம், முழுக்க சலில்தான்.

உங்கள் 'பூவண்ண'த்துக்கு வருவோம். 'சோட்டி ஸி பாத்' என்ற இந்திப் படத்தில் அது லதாவின் தனிப்பாட்டு. நாயகன் ஊரை விட்டுப் போன பிறகுதான் நாயகிக்கு அவன் இல்லாதது உறைக்கிறது. 'அழியாத கோலங்க'ளில் (1979) ஜெயச்சந்திரனும் சுசீலாவும் பாடும் காதல் பாட்டு. ஏக்கத்துக்குப் போட்ட மெட்டு காதலுக்கும் பொருந்துகிறதே, எப்படி? அது ஓரிடத்தில் உட்காருவதே இல்லை. அடுத்த அடி எங்கே விழும் என்று முதல் தடவை கேட்பவருக்குப் பிடிபடாது. சோகமா சந்தோஷமா என்று தீர்மானிக்காமல் விட்ட மெட்டு. இதை ஒருமுறையோடு தூக்கிப்போட எனக்கும் மனசு வராது.

'மதுமதி'யின் 'ஆஜா ரே பர்தேசி' பாட்டு தெரியுமல்லவா? அதன் விதை அவரே இசையமைத்த 'ஜாக்தே ரஹோ' (1956) படத்தின் பின்னணி இசையில் கிடக்கிறது. யாரும் கவனிக்காமல் போன துணுக்கைப் பின்னால் எடுத்து முழுப்பாட்டாக வளர்த்தார். திரும்ப விற்பது என்று இதைச் சொல்ல முடியாது.

பலர் மறந்துவிடும் விஷயம் ஒன்று உண்டு. இளையராஜா கிட்டார் வாசித்த ஒலிப்பதிவுகளில் சலிலுடையவையும் சேர்த்தி. மெட்டைவிட அதைச் சுற்றி வாத்தியங்கள் தனித்தனியாகப் பேசிக்கொள்ளும் விதத்துக்காகவே இசைக்கலைஞர்கள் அவரைக் கொண்டாடினார்கள் என்பது என் எண்ணம். 'கானூன்' (1960), 'இத்தெஃபாக்' (1969) இரண்டிலும் பாட்டே கிடையாது. இரண்டுக்கும் பின்னணி இசை சலில் சௌதுரி. மெட்டு மட்டுமே அவருடைய சரக்கென்றால், பாட்டில்லாத படத்துக்கு அவரைத் தேடிப் போயிருப்பார்களா?