கிழிக்காமல் விட்ட காலண்டர்

வணக்கம் மேடம்,

நாங்கள் திண்டுக்கல் பக்கம் ஒரு கிராமம். மகனுக்கு 17 வயது, பிளஸ் டூ படிக்கிறான். போன பங்குனியில் காய்ச்சல் வந்து நின்றதும் தூங்க ஆரம்பித்தவன் 9 நாள் தூங்கினான். சாப்பிடவும் பாத்ரூம் போகவும் எழுந்திருப்பான், மறுபடி படுத்துவிடுவான். ஆடியில் திரும்ப 14 நாள். இந்தத் தடவை தீபாவளிக்கு நான்கு நாள் இருக்கும்போது படுத்தவன், 12 நாள் கழித்துத் தெளிந்து எழுந்து நேராக அடுப்படிக்கு வந்து "பட்டாசு வாங்க எப்பம்மா போறோம்" என்று கேட்கிறான்.

நான் காலண்டரை அவன் படுத்த தேதியிலேயே கிழிக்காமல் விட்டிருந்தேன் மேடம். அதிரசம், முறுக்கு எல்லாம் அவன் பங்கை எடுத்து வைத்து, தங்கச்சியிடமும் சொல்லி வைத்து, "நாளைக்குப் போகலாம்டா" என்று சொல்லிவிட்டேன். மத்தியானம் போனில் தேதியைப் பார்த்துவிட்டான். அப்புறம் மூன்று நாள் என்னோடு பேசவே இல்லை.

தூங்குகிற நாட்களில் அவன் என் பிள்ளை மாதிரியே இருப்பதில்லை. அரைக் கிலோ மிக்சரை உட்கார்ந்த இடத்தில் தின்கிறான், சின்னப் பிள்ளை மாதிரிப் பேசுகிறான், சாயந்திரம் எழுப்பினால் "ஸ்கூல் பஸ் போயிடுச்சா" என்கிறான். ஒரு நாள் என் கன்னத்தைத் தொட்டுப் பார்த்து "இது கனவாம்மா" என்றான். இன்னும் சிலது எழுதக் கூசுகிறது. ஒரு டாக்டர் பரீட்சை பயத்தில் நடிக்கிறான் என்றார். மாமியார் மோகினி பிடித்திருக்கிறது, கோடாங்கியிடம் போவோம் என்கிறார். அவன் அப்பா கும்பகர்ணன் என்று கிண்டல் செய்கிறார். நான் காலண்டரைக் கிழிக்காமல் விட்டது தப்பா?

பெயர் வேண்டாம்.

அன்புள்ள சகோதரிக்கு,

தப்புதான். பாசத்தில் செய்தீர்கள், ஆனாலும் தப்பு. ஏன் என்று பிறகு சொல்கிறேன், அதற்கு முன்னால் மோகினி விஷயத்தை முடித்துவிடலாம்.

நீங்கள் எழுதியிருப்பது க்ளைன் லெவின் சிண்ட்ரோம் என்ற நோயோடு ரொம்பவே ஒத்துப்போகிறது. 1925-இல் வில்லி க்ளைன், 1936-இல் மேக்ஸ் லெவின் என்று இரண்டு மருத்துவர்கள் எழுதி வைத்ததால் இந்தப் பெயர். பத்து லட்சம் பேரில் ஓரிருவருக்கு வருகிற அளவுக்கு அபூர்வம், அதனால் பல டாக்டர்கள் ஒரு கேஸ்கூடப் பார்த்திருக்க மாட்டார்கள். பெரும்பாலும் பதின்ம வயதில், பெண்களைவிட ஆண் பிள்ளைகளுக்கு அதிகம். பலருக்கு முதல் தடவை ஒரு காய்ச்சலுக்குப் பிறகுதான் தொடங்குகிறது. நாள் முழுக்கத் தூக்கம், கட்டில்லாத தீனி, குழந்தைப் பேச்சு, எல்லாமே கனவு போலத் தோன்றுவது, பிறகு ஒன்றும் சரியாக ஞாபகம் இல்லாமல் போவது, இடைப்பட்ட மாதங்களில் எப்போதும் போல இருப்பது. நீங்கள் எழுதக் கூசியது என்ன என்று எனக்கு ஓரளவு புரிகிறது. அந்த நாட்களில் பாலியல் கூச்சம் விட்டுப்போவதும் இந்த நோயில் உண்டு, அவன் வளர்ப்புக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை. டாக்டரிடம் மறைக்காமல் சொல்லுங்கள்.

ஆனால் கடிதத்தைப் படித்து நான் நோயை உறுதி செய்ய முடியாது. நரம்பியல் மருத்துவரிடம் காட்டுங்கள். இதைக் கண்டுபிடிக்கத் தனி ரத்தப் பரிசோதனை கிடையாது. ஈஈஜி (மூளையின் மின் அலைப் பதிவு), எம்ஆர்ஐ (மூளை ஸ்கேன்) எடுத்து, விசாரித்தும் பார்த்து, வலிப்பு, மூளைக்காய்ச்சல், மனச்சோர்வு, போதைப் பழக்கம் எல்லாம் இல்லை என்று பார்த்துத்தான் இதற்கு வருவார்கள். அடிக்கடி வந்தால் லித்தியம் போன்ற மருந்தை யோசிப்பார்கள், அது டாக்டரின் முடிவு. நிறையப் பேருக்கு வயது ஏற ஏற இது குறைந்து நின்றுவிடுகிறது, சில வருடங்கள் ஆகும். எழுப்பினாலும் எழாமல் கிடந்தாலோ, வலிப்பு, கடும் காய்ச்சல், தலைவலியோடு வாந்தி இருந்தாலோ மட்டும் 'வழக்கமான தூக்கம்தானே' என்று காத்திருக்காதீர்கள். மற்றபடி அந்த நாட்களில் உலுக்கி எழுப்ப வேண்டாம், எரிச்சல்தான் வரும். பைக், கிணற்றுக் குளியல் கூடாது. பள்ளியில் மருத்துவச் சான்றிதழ் கொடுத்து வையுங்கள், பொதுத்தேர்வு நேரத்தில் வந்துவிட்டால் துணைத் தேர்வு இருக்கிறது.

சரி, காலண்டருக்கு வருவோம். முசுகுந்தன் கதை உங்கள் மாமியாருக்குத் தெரிந்திருக்கும். யுகக்கணக்கில் குகையில் தூங்கி எழுந்து வெளியே வந்தவன், மனிதர்களும் மரங்களும் சிறுத்துப் போயிருப்பதைப் பார்த்துத்தான் கலியுகம் வந்துவிட்டதென்று புரிந்துகொண்டான். போன காலத்தை அவனாகவே கணக்குப் போட வேண்டியிருந்தது. உங்கள் பையன் 12 நாள் எது கனவு எது நிஜம் என்று தெரியாமல் கிடந்துவிட்டு வருகிறான், வந்ததும் அவன் கால் ஊன்ற இருக்கிற ஒரே இடம் உங்கள் வாய்வார்த்தை, அதுவும் நகர்ந்தால் எதைப் பிடித்துக்கொள்வான்? அவன் கோபம் தீபாவளி போனதற்காக மட்டும் இருக்காது என்று நினைக்கிறேன்.

அடுத்த முறை தினமும் காலையில் தாளைக் கிழியுங்கள். பின்பக்கம் வெறுமையாகத்தானே இருக்கும், அதில் அன்றைக்கு அவன் எத்தனை மணி நேரம் தூங்கினான், என்ன சாப்பிட்டான், வீட்டில் என்ன நடந்தது, தங்கச்சி எதற்கு அழுதாள் என்று நாலு வரி எழுதி ஒரு டப்பாவில் போட்டு வையுங்கள். தெளிந்து எழுந்ததும் தேதியை உடனே சொல்லிவிடுங்கள். டப்பாவை அவன் கேட்கும்போது கொடுத்தால் போதும். டாக்டருக்கும் அந்தத் தாள்கள் நல்ல பதிவாக இருக்கும்.

அவன் அப்பாவிடம் கும்பகர்ணன் பேச்சை நிறுத்தச் சொல்லுங்கள், இந்தக் கடிதத்தையே காட்டலாம்.

இந்தத் தீபாவளியின் 12 நாட்களையும் இப்போது உட்கார்ந்து எழுதிக் கொடுங்கள். நடந்ததை நடந்தபடி, நீங்கள் பொய் சொன்னதையும் சேர்த்து.