டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘எல்பிஏ’ (கீழ்முதுகு வலி) என்று மட்டும் இருந்தால் எந்த நோய்க் கோடு (code) போடுவது?

நீங்கள் கேட்டது: குன்னூர் பக்கம் எஸ்டேட் மருத்துவமனை ஒன்றில் ரெக்கார்டு பிரிவில் வேலை. கோவையில் படித்த கோடிங் வகுப்பில் “எம்54.5 இப்போது செல்லாது, எம்54.50 போடணும்” என்றார்கள். ஆனால் மருத்துவமனையின் பழைய பதிவுகளில் எல்லாம் எம்54.5 தான் இருக்கிறது. எது சரி?

இரண்டுமே சரி, ஆனால் வேறு வேறு புத்தகத்தில். வகுப்பில் படித்தது ஐசிடி-10-சிஎம்; ஐசிடி என்ற பன்னாட்டு நோய் வகைப்பாட்டின் அமெரிக்க பில்லிங்குக்கான பதிப்பு. அதில் 2021 அக்டோபர் 1 முதல் எம்54.5 மூன்றாகப் பிரிந்தது: எம்54.50 (வகை குறிப்பிடாத கீழ்முதுகு வலி), எம்54.51 (முள்ளெலும்பின் மேல்-கீழ்த் தகடான எண்ட்பிளேட் பாதிப்பால் வரும் வலி), எம்54.59 (பிற கீழ்முதுகு வலி). உங்கள் மருத்துவமனைப் பதிவுகள் உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 படி இருக்கின்றன. அங்கே எம்54.5 இன்றும் முழுமையான கோடுதான்.

இதில் ஒரு பொறி இருக்கிறது. உலக சுகாதார நிறுவனப் பதிப்பிலும் எம்54-க்கு ஐந்தாவது இலக்கம் உண்டு, ஆனால் அது முதுகெலும்பின் எந்தப் பகுதி என்பதைச் சொல்லும், விரும்பினால் மட்டும் சேர்க்கும் இலக்கம். 6 என்றால் லம்பார் (கீழ்முதுகு), 7 என்றால் லம்போசேக்ரல் (கீழ்முதுகு சேக்ரம் எலும்போடு சேரும் இடம்), 0 என்றால் பல பகுதிகள், 9 என்றால் பகுதி குறிப்பிடவில்லை. ஆகவே வகுப்பு ஞாபகத்தில் எம்54.50 என்று எழுதினால், அந்தப் புத்தகப்படி படிப்பவருக்கு ‘பல இடங்களில்’ என்றாகிவிடும். சாஃப்ட்வேர் எர்ரர் காட்டாது. தவறு அப்படியே பதிவில் உட்கார்ந்துவிடும். சிஸ்டத்தில் எந்தப் பதிப்பு ஏற்றியிருக்கிறது என்பதை முதலில் பாருங்கள். மற்றதெல்லாம் அதன் பிறகுதான்.

அடுத்தது, எம்54.5 என்பது கடைசிப் புகலிடம். டாக்டர் ‘எல்பிஏ’ என்று ஓபி சீட்டில் எழுதியது சேர்க்கும்போதைய குறிப்பு. டிஸ்சார்ஜில் ‘ஐவிடிபி எல்4-எல்5’ (கீழ்முதுகின் 4, 5-ம் முள்ளெலும்புகளுக்கு இடையே டிஸ்க் பிதுங்கல்) என்று உறுதியாக எழுதியிருந்தால் எல்பிஏ தானாக விலகிவிடும். காரணம் தெரிந்தபின் அறிகுறிக்குத் தனிக் கோடு கிடையாது. ஐவிடிபியோடு நரம்பு வேர் பாதிப்பு (ரேடிகுலோபதி) எழுதியிருந்தால் எம்51.1, இல்லாவிட்டால் எம்51.2. டிஸ்க் பற்றிப் பேச்சே இல்லாமல் ‘எல்பிஏ, சயாட்டிகா’ (காலில் இறங்கும் நரம்பு வலி) என்றால் எம்54.4. முதுகு வலியே இல்லாமல் சயாட்டிகா மட்டும் என்றால் எம்54.3. எம்54.5-ஐயும் எம்54.4-ஐயும் ஒரே அட்டையில் பார்த்தால் யாரோ அவசரத்தில் போட்டது என்று அர்த்தம்.

அமெரிக்க சார்ட் என்றால் இன்னும் கறார். சயாட்டிகாவுக்குப் பக்கம் வேண்டும்: வலது எம்54.41, இடது எம்54.42, இரு பக்கமும் என்றால் இரண்டும். டிஸ்க் தேய்மானத்துக்கான எம்51.36-ம் 2024 அக்டோபர் 1 முதல் நீண்டுவிட்டது: முதுகு வலி மட்டும் எம்51.360, கால் வலி மட்டும் எம்51.361, இரண்டும் எம்51.362, வலி பற்றிக் குறிப்பே இல்லை என்றால் எம்51.369. எம்54.51-ஐ எம்ஆர்ஐ ரிப்போர்ட்டில் ‘மோடிக் சேஞ்ச்’ (எண்ட்பிளேட்டை ஒட்டிய எலும்பு மாற்றம்) என்று பார்த்த மாத்திரத்தில் போடக் கூடாது; சிகிச்சை தரும் டாக்டர் தன் கையால் அந்த நோயறிதலை எழுதியிருக்க வேண்டும். அதேபோல் ஓபி சார்ட்டில் ‘ப்ராபபிள் ஐவிடிபி’ என்பது ஐவிடிபி ஆகாது, வலிக்குத்தான் கோடு.

உங்கள் ஊரில் அதிகம் சறுக்குவது காயக் கணக்கில்தான் இருக்கும். மழையில் தேயிலைச் சரிவில் கால் வழுக்கி விழுந்தவர், கொழுந்து மூட்டையைத் தூக்கும்போது பிடித்துக்கொண்டவர், வருஷக்கணக்காகக் குனிந்து நிமிர்ந்து வலி வந்தவர் என மூவருமே ‘எல்பிஏ’தான் சொல்வார்கள். முதல் இருவருக்கு டாக்டர் ஸ்ட்ரெயின் (தசை இழுப்பு) அல்லது ஸ்ப்ரெயின் (சுளுக்கு) என்று எழுதியிருந்தால் எம் வரிசை போகாது, காயங்களுக்கான எஸ் வரிசை: உலக சுகாதார நிறுவனப் பதிப்பில் எஸ்33.5. கூடவே வழுக்கியதற்கு டபிள்யூ01, தூக்கியதற்கு எக்ஸ்50. அமெரிக்கப் பதிப்பில் தசை ஸ்ட்ரெயினுக்கு எஸ்39.012, தசைநார் ஸ்ப்ரெயினுக்கு எஸ்33.5 என்று பிரியும். கடைசியில் ஏழாவது எழுத்தும் வேண்டும்: சிகிச்சை நடக்கும்போது ஏ, ஆறும் கட்டத்தில் வருகிறவருக்கு டி. இரண்டாவதாகச் சொன்னதில் ஐந்தாவது, ஆறாவது இலக்கங்கள் இல்லாததால் ‘எஸ்33.5எக்ஸ்எக்ஸ்ஏ’ என்று இடத்தை நிரப்ப வேண்டும். இதை விட்டால் க்ளெய்ம் திரும்பி வரும். மூன்றாமவருக்கு மட்டுமே எம்54.5.

வயதான பெண்களுக்கு எலும்புத் தேய்வில் முள்ளெலும்பு நசுங்கியிருந்தால் எம்80 பக்கம் பாருங்கள். காசநோய் முதுகெலும்பில் என்றால் ஏ18.0†, எம்49.0* என்று ஜோடியாக. முதன்மை கத்திக் குறி (†) உள்ளதுதான்.

சந்தேகம் வந்தால் டாக்டரிடம் “இது ஐவிடிபிதானே சார்?” என்று கேட்காதீர்கள். பரபரப்பில் தலையாட்டிவிட்டுப் போய்விடுவார், ஆடிட்டில் அது விடையை நீங்களே எடுத்துக்கொடுத்த கேள்வியாகப் பார்க்கப்படும். வலிக்குக் காரணம் உறுதியாயிற்றா, காலில் இறங்குகிறதா, எந்தப் பக்கம், விழுந்ததா தூக்கியதா என்று சீட்டில் எழுதிக் கொடுத்து, பதிலையும் எழுத்திலேயே வாங்கி கேஸ் ஷீட்டோடு பின் அடித்து வையுங்கள்.