டீச்சரைக் கேளுங்கள்: மெத்தென்ற மழை பெய்யும் தீவு

அயர்லாந்தில் கால்வே நகரத்தில் இருக்கும் மகள் வீட்டில் ஐந்து மாதம் தங்கிவிட்டு மதுரைக்குத் திரும்பினேன் என்று போன இதழில் இரண்டு வரி எழுதினேன். அதற்கு இத்தனை கடிதம் வரும் என்று நினைக்கவில்லை. முப்பது வருடம் பூகோளம் நடத்தியவளுக்கு இதைவிடச் சந்தோஷம் வேறென்ன!

அங்கே வருஷம் முழுக்க மழையாமே டீச்சர்? என் மகன் டப்ளினுக்கு வேலைக்குப் போகிறான். நம்ம ஐப்பசி அடைமழை மாதிரி இருக்குமா? குடை வாங்கித் தரட்டுமா? (வாசகி, திருமங்கலம்)

குடை வேண்டாம் அம்மா. காற்று அதைத் திருப்பிப் போட்டுவிடும். தலையை மூடும் தொப்பி வைத்த நல்ல மழைச்சட்டையாக வாங்கிக் கொடுத்தனுப்புங்கள்.

ஒரு கணக்குச் சொன்னால் நம்ப மாட்டீர்கள். மதுரையில் வருஷத்துக்குச் சுமார் 850 மில்லிமீட்டர் மழை பெய்கிறது. டப்ளினில் 750 மில்லிமீட்டர்தான். ஆமாம், நம்மைவிடக் குறைவு! ஆனால் நமக்கு ஐம்பது நாளில் கொட்டித் தீர்த்துவிடும். அங்கே கிழக்குப் பக்கம் 150 நாள், மேற்குக் கரையில் 225 நாள் மழை நாள்தான். அட்லாண்டிக் கடலிலிருந்து தென்மேற்குக் காற்று ஈரத்தை அள்ளிக்கொண்டு வந்து மேற்குக் கரை மலைகளில் இறக்கிவிடும். அதனால்தான் மேற்கே சில மலைப்பக்கங்களில் 2,000 மில்லிமீட்டரையும் தாண்டும், டப்ளின் பக்கம் போகும்போது மேகம் இளைத்துப்போயிருக்கும். தேனி, கம்பம் பக்கம் மலையை ஒட்டி இருப்பவர்களுக்கு இது புதிதில்லை.

பெய்வதும் நம்ம மழை மாதிரி இல்லை. பொழுது மப்பும் மந்தாரமுமாக இருக்கும், முகத்தில் பன்னீர் தெளித்த மாதிரி சாரல் விழும், பத்து நிமிஷத்தில் வெயில் வரும், வானவில் தெரியும், அப்புறம் மறுபடி சாரல். அப்படிப்பட்ட நாளை அவர்கள் 'மெத்தென்ற நாள்' என்று சொல்கிறார்கள். எதிரே வருகிறவர் வணக்கம் சொல்வதுபோல அதைச் சொல்லிவிட்டுப் போவார். மகள் வீட்டுக்கு அடுத்த வீட்டுப் பாட்டி ஒரே துணியை ஒரு நாளில் நாலு தடவை கொடியில் போட்டு நாலு தடவை எடுத்ததை ஜன்னலிலிருந்து பார்த்தேன். ஒரு தடவைகூட முகம் சுளிக்கவில்லை.

குளிருக்கும் ரொம்பப் பயப்பட வேண்டாம். கடலில் வெதுவெதுப்பான நீரோட்டம் வருவதால் அவ்வளவு வடக்கே இருந்தும் பனி உறைந்து கிடப்பது அபூர்வம். நம்ம ஊர் மாதிரி சுள்ளென்ற வெயில் மட்டும் கிடைக்காது. அந்த நாட்டில் பதிவான அதிகபட்ச வெப்பமே 33.3 டிகிரிதான், அதுவும் 1887இல்.

கொடைக்கானல் மாதிரி மலையும் காடுமாக இருக்குமா? (வாசகர், வத்தலக்குண்டு)

மலை உண்டு, உயரம் இல்லை. அவர்களுடைய மிக உயர்ந்த சிகரமான காரன்டூஹில் சுமார் 1,038 மீட்டர். கொடைக்கானல் ஊரே அதைப்போல இரண்டு மடங்கு உயரத்தில் இருக்கிறது. காடும் குறைவு. கண்ணுக்கு எட்டிய மட்டும் புல்வெளி, கல்லடுக்கிக் கட்டிய வேலி, ஆடு, அப்புறம் சதுப்பு.

அந்தச் சதுப்பைப் பற்றித்தான் நான் சொல்ல வேண்டும். ஓயாத ஈரத்தில் செத்த பாசியும் புல்லும் மக்காமல் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்து கிடக்கிறது. ஒரு மீட்டர் கனம் சேர ஆயிரம் வருஷம் போல ஆகும். அதைச் செங்கல் அளவுக்கு வெட்டி, நாலைந்தை ஒன்றோடொன்று சாய்த்து நிறுத்திக் காயவைப்பார்கள், நாம் வறட்டி காயவைக்கிற மாதிரி. குளிர்காலத்துக்கு அதுதான் விறகு. காய்ந்த கட்டி ஒன்றைக் கையில் வாங்கிப் பார்த்தேன். பார்க்கக் கருங்கல், தூக்கினால் ரொட்டித் துண்டு கனம்கூட இல்லை. உடைத்த இடத்தில் மயிரிழை மயிரிழையாக வேர் அப்படியே இருந்தது. எத்தனை நூற்றாண்டுக்கு முன் முளைத்த புல்லோ!

மக்காத அந்த மண்ணில் மனிதர்களும் மக்கவில்லை. 2003இல் ஓல்டு குரோகன் என்ற இடத்தில் இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்தைய ஒருவரின் உடல் கிடைத்தது. டப்ளின் அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள். தலை இல்லை, இடுப்புக்குக் கீழே இல்லை. ஆனால் கைகள் இருக்கின்றன. விரல் ரேகையும் நகமும் நேற்று வெட்டிய மாதிரி. கீழடிப் பக்கம் நம் கொந்தகையில் தோண்டி எடுத்த முதுமக்கள் தாழிகளில் எலும்பைப் பார்த்துவிட்டு வந்தவள் நான். அந்த நகத்தைப் பார்த்தபோது கண்ணில் நீர் வந்துவிட்டது.

மின்சாரத்துக்காக இந்தச் சதுப்பை வெட்டிவந்த அரசு நிறுவனம் 2021இல் வெட்டுவதை நிறுத்திவிட்டது. எனக்கு அது நல்ல செய்தி. ஆயிரம் வருஷச் சேமிப்பை ஒரு குளிர்காலத்தில் எரிப்பது நியாயமாகப் படவில்லை.

அங்கே பாம்பே கிடையாதாமே? (மாணவர், செல்லூர்)

கிடையாது. புனித பாட்ரிக் எல்லாப் பாம்பையும் கடலுக்கு விரட்டினார் என்பது கதை. பனியுகம் முடிந்து பாம்புகள் வடக்கே நகர்ந்து வருவதற்குள் கடல் சூழ்ந்துவிட்டது என்பது காரணம்.

முனி, கருப்பு கதைகள் மாதிரி அவர்களுக்கும் உண்டா? (வாசகி, மேலூர்)

நிறைய. நீங்கள் மேலூர்க்காரர், கோயில்காட்டில் சுள்ளி ஒடித்தால் என்ன ஆகும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அங்கே அதே பயமும் மரியாதையும் வயல் நடுவே தனியாக நிற்கும் ஹாதார்ன் முள்மரத்துக்கு. 'ஷீ' என்கிற மாய மக்களுக்கு அது சொந்தமாம். உழுகிறவர் அதைச் சுற்றித்தான் உழுவார். 1999இல் கிளேர் பகுதியில் லாட்டூன் என்ற ஊரில் புதுச் சாலைக்காக அப்படி ஒரு மரத்தை வெட்ட இருந்தார்கள். எடி லெனிஹன் என்ற கதைசொல்லி, வெட்டாதீர்கள் என்று பத்திரிகைகளுக்கு எழுதினார். கடைசியில் மரத்தை விட்டுவிட்டுச் சாலையை அமைத்தார்கள். அப்புறம் 2002இல் யாரோ கிளைகளை அறுத்துப் போட்டார்கள், மரம் மறுபடி துளிர்த்துவிட்டது.

'பான்ஷீ' என்று ஒருத்தி. பழைய குடும்பங்களில் சாவு வருமுன் ராத்திரியில் வீட்டுக்கு வெளியே அழுவாளாம், நீளமான கூந்தலைச் சீவிக்கொண்டே. பேய்க்கதையாக மட்டும் எடுத்துக்கொள்ளாதீர்கள். அங்கே சாவு வீட்டில் ஒப்பாரி பாடும் பெண்கள் இருந்தார்கள். சர்ச் எதிர்த்ததில் அந்த வழக்கம் மெல்ல மறைந்துபோனது. எங்கள் அப்பத்தா தோளோடு தோள் சேர்ந்து உட்கார்ந்து பாடிய ஒப்பாரி என் காதில் இன்னும் இருக்கிறது. அந்தக் கூந்தல்காரியும் எனக்கு அந்த வட்டத்தில் ஒருத்தியாகத்தான் தெரிகிறாள்.

மழை வேண்டிக் கழுதைக்குக் கல்யாணம் செய்கிறோமே, அவர்கள் மழை நிற்க ஏதாவது செய்வார்களா? (வாசகர், உசிலம்பட்டி)

அருமையான கேள்வி! செய்வார்கள். கல்யாணத்துக்கு முந்தின ராத்திரி, பிராகா நகரத்துக் குழந்தை இயேசு என்று சொல்லும் சிறு சிலையைத் தோட்டத்தில் கொண்டுபோய் வைப்பார்கள், மறுநாள் மழை வரக்கூடாது என்று. நாம் கொடும்பாவி இழுப்பதும் அதே வானத்திடம்தான். வருணன் ஏழு மேகத்தை ஏவி மதுரையை அழிக்கப் பார்த்ததும், சொக்கநாதர் சடையிலிருந்து நாலு மேகம் போய் நாலு மாடமாகக் கவிந்து காத்ததும், அதனால் நான்மாடக்கூடல் ஆனதும் நம் தலபுராணக் கதை. அடுத்த வீட்டுப் பாட்டிக்கு இதைச் சொன்னேன், மகள் மொழிபெயர்த்தாள். அந்த நாலு மேகத்தையும் கொஞ்ச நாள் கால்வேக்கு அனுப்பச் சொல்லுங்கள் என்றார்.

இவ்வளவு கதையும் அங்கே எப்படி அழியாமல் இருக்கிறது? (ஆசிரியர், சோழவந்தான்)

உங்களைப் போன்ற ஆசிரியர்களால்தான் சார். 1937 முதல் 1939 வரை சுமார் 5,000 ஆரம்பப் பள்ளிகளில் பிள்ளைகளுக்கு ஒரு வேலை கொடுத்தார்கள். வீட்டிலும் தெருவிலும் இருக்கும் பெரியவர்களிடம் கேட்டு ஊர்க்கதை, புனிதக் கிணறு, கைவைத்தியம், மழைக்குறி எல்லாவற்றையும் நோட்டில் எழுதி வர வேண்டும். சொன்னவர் யார், எந்த ஊர் என்றும் குறிக்க வேண்டும். அந்த நோட்டுகள் இன்றும் டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரியில் (யு.சி.டி.) இருக்கின்றன.

இதெல்லாம் தெரியாத காலத்திலேயே நாகமலைப் பக்கத்துப் பள்ளியில் என் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளிடம் இதே மாதிரி ஒரு கோடை விடுமுறையில் கேட்டேன். ஒரு பெண் 'தட்டான் தாழப் பறந்தால் மழை' என்று எழுதி, கீழே 'சொன்னது எங்க தாத்தா, களத்துமேட்டில் உட்கார்ந்து' என்று போட்டிருந்தாள். அந்தத் தாளை இன்னும் வைத்திருக்கிறேன்.

உங்கள் பிள்ளைகளையும் எழுதச் சொல்லுங்கள் சார். சொன்னவர் பெயர், ஊர், சொன்ன நாள் மூன்றும் கட்டாயம் வேண்டும். ஐப்பசி இதழில் இந்தப் பக்கம் முழுவதையும் அவர்களுக்கு ஒதுக்கி வைத்திருக்கிறேன்.