காலத்தை நிறுத்தும் கல்

கேள்வி: மாயாஜால நாவல் எழுதுகிறேன். நேரத்தை நிறுத்தும் கனிமம் ஒன்று வருகிறது. நம்பும்படி எப்படி அமைப்பது?
- கல்லூரி மாணவி, தேனி

பதில்: நிஜத்தில் இருக்கும் சிர்க்கான் என்ற கனிமத்தைப் பாருங்கள். உருவாகும்போது யுரேனியத்தைச் சேர்த்துக்கொள்ளும். ஈயத்தை அநேகமாக உள்ளே விடாது. அப்புறம் அந்த யுரேனியம் மெல்லச் சிதைந்து ஈயமாகும். இரண்டையும் அளந்தால் வயது தெரிந்துவிடும். மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸில் கிடைத்த சிர்க்கான் பொடிக்கல்லுக்குச் சுமார் 440 கோடி ஆண்டு வயது! உங்கள் கனிமத்துக்கும் இப்படி ஒரு கறார் விதி வையுங்கள். நேரத்தை நிறுத்தும்போதெல்லாம் கல் தேயட்டும். தேயாவிட்டால் நாயகனுக்கு என்ன கவலை? நான் மூன்றாம் அத்தியாயத்திலேயே மூடிவைத்துவிடுவேன். சரி, அதைச் சுரங்கத்தில் தோண்டுபவர்கள் யார், கூலி என்ன? மந்திரவாதியைவிட எனக்கு அவர்கள் கதையைப் படிக்கத்தான் ஆசை.